தோற்றும் மூழ்காத கப்பல்

"அவன் லேசுப்பட்டவனா? சரியான எம்டன்!" என்று நம் வீடுகளில் சொல்வதுண்டு. கண்டிப்பான தகப்பனார் வாசற்படி ஏறும் ஓசை கேட்டதும் குழந்தைகள் "எம்டன் வருகிறது!" என்று ரகசியம் பேசிப் பாடப் புத்தகத்தைக் கையில் எடுத்துக் கொள்வார்கள். நாலு பேர் கண்ணில் மண்ணைத் தூவிவிட்டுக் காரியத்தை முடித்துக்கொண்டு போகிறவனுக்கும் அதே பட்டந்தான். திட்டுகிறோமா, மெச்சுகிறோமா என்று சொல்லுகிறவருக்கே நிச்சயமாகத் தெரியாது. பாதி பயம், பாதி வியப்பு. இரண்டும் கலந்த ஒரு சொல்.

2006-ஆம் வருஷத்தில் ஒரு தமிழ்ப் படத்துக்கு 'எம்டன் மகன்' என்று பெயர் வைத்தார்கள். தமிழில் பெயர் சூட்டிய படங்களுக்குக் கேளிக்கை வரி இல்லை என்று சர்க்கார் சலுகை கொடுத்திருந்த சமயம் அது. 'எம்டன்' தமிழ்ச் சொல்தானா என்ற கேள்வி பிறந்தது. படம் 'எம் மகன்' என்று பெயரைச் சுருக்கிக்கொண்டு வெளிவந்தது. சர்க்கார் கணக்கில் அது அந்நியச் சொல். நம் வீட்டுக் கணக்கில் எத்தனையோ காலமாகச் சொந்தச் சொல்.

இந்தச் சொல்லுக்கு மூல புருஷன் ஒரு மனிதன் அல்லன் என்பது நேயர்களில் பெரும்பாலோருக்குத் தெரிந்திருக்கும். அது ஒரு கப்பல். ஜெர்மானியக் கப்பல். சென்னையின் வட கடற்கரைக்கு ஓர் இரவு வந்தது. அரை மணி நேரத்திற்குள் திரும்பிப் போயிற்று. அன்றிலிருந்து 48-ஆம் நாள் வேறொரு கடலில் சண்டையிட்டுத் தோற்று நாசமாயிற்று. நம் ஊர்க் கணக்கில் சரியாக ஒரு மண்டலம். ஒரு மண்டலம் விரதம் இருந்தவர்களுக்கு என்ன பலன் கிடைத்ததோ, இந்தக் கப்பலுக்கு மாத்திரம் சிரஞ்சீவிப் பட்டம் கிடைத்துவிட்டது.

தோற்றவனுக்கு அந்தப் பட்டத்தைக் கொடுத்தது யார்? ஏன் கொடுத்தார்கள்? இந்த வாரம் அதைத்தான் கொஞ்சம் விசாரித்துப் பார்க்க வேண்டியிருக்கிறது.

நவராத்திரி இருட்டில்

1914-ஆம் வருஷம் செப்டம்பர் 22-ந் தேதி, செவ்வாய்க்கிழமை. அமாவாசை கழிந்து இரண்டொரு நாள்தான் ஆகியிருந்தது. நவராத்திரி ஆரம்பமாகிவிட்டது. ஐரோப்பாவில் பிரிட்டன் யுத்தத்தில் இறங்கி ஏழு வாரம் நிறைந்த தினம். ஆனால் சென்னப்பட்டணத்து ஜனங்களுக்கு யுத்தம் என்பது பத்திரிகையில் படிக்கிற சமாசாரமாகவே இருந்தது. பட்டணத்து விளக்குகள் சமாதான காலத்தைப் போலவே ஜகஜ்ஜோதியாக எரிந்தன. ஹைகோர்ட்டுக் கோபுரத்தின் உச்சியிலே 1894 முதல் கலங்கரை விளக்கம் இருந்து வந்தது. சத்துரு, மித்துரு என்ற பேதம் அதற்குத் தெரியாது. வந்த கப்பலுக்கெல்லாம் வழி காட்டுவது போல் அன்றிரவு எம்டனுக்கும் அது வழி காட்டிற்று.

எம்டன் அப்படி ஒன்றும் பிரமாதமான போர்க்கப்பல் அல்ல. 1908-இல் டான்சிக் நகரில் நீரில் இறக்கப்பட்டது. பத்தே பத்து நடுத்தரப் பீரங்கிகள் உடையது. சீனக் கடலில் இருந்த ஜெர்மானியக் கப்பல் படை யுத்தம் வந்ததும் பசிபிக் சமுத்திரத்தைக் கடந்து தென் அமெரிக்கா பக்கம் போக முடிவு செய்தது. எம்டனின் தலைவர் காப்டன் கார்ல் வான் முல்லர், தம்மைத் தனியாக இந்து மகா சமுத்திரத்திற்கு அனுப்புமாறு கேட்டுக் கொண்டார். உத்தரவு கிடைத்தது. மூன்று புகைப்போக்கிகள் கொண்ட கப்பலில் நாலாவதாக ஒரு பொய்ப் புகைப்போக்கியைக் கட்டி, பார்ப்பவர்களுக்கு இங்கிலீஷ் கப்பல் போல் தோன்றும்படி வேஷம் போட்டுக்கொண்டு வங்காள விரிகுடாவில் பிரவேசித்தார். செப்டம்பர் 10-ந் தேதி முதல் வணிகக் கப்பல்கள் ஒன்றன்பின் ஒன்றாக அகப்பட்டன. விரிகுடாவில் கப்பல் போக்குவரத்தே ஸ்தம்பித்துவிட்டது.

22-ந் தேதி இரவு ஒன்பதரை மணி சுமாருக்கு, சென்னைக் கரைக்குச் சுமார் 3,000 கஜ தூரத்தில் எம்டன் வந்து நின்றது. தேடு விளக்கின் வெளிச்சத்தில் துறைமுகத்தை ஒட்டி நின்ற பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் தெரிந்தன. சுமார் 130 குண்டுகள் பறந்தன. இரண்டு தொட்டிகள் தீப்பற்றி எரிந்தன. துறைமுகத்தில் நின்ற 'சுப்ரா' என்னும் வணிகக் கப்பல் அடிபட்டது. சில குண்டுகள் பட்டணத்திற்குள்ளும் வந்து விழுந்தன. ஹைகோர்ட்டு மதிலில் அவ்விஷயத்தைக் கூறும் கல் ஒன்று பதித்திருக்கிறது. கரையிலிருந்த பீரங்கிகள் விழித்துக்கொண்டு பதில் சொன்னபோது ஒரு குண்டும் எம்டன் மேல் படவில்லை. விளக்குகளை அணைத்துக்கொண்டு அது இருளில் மறைந்தது.

எண்ணெய் எரிந்த வெளிச்சம் கடலில் வெகு தூரத்துக்குத் தெரிந்தது என்று கப்பலில் இருந்தவர்களே எழுதியிருக்கிறார்கள். ராயபுரத்திலும் காசிமேட்டிலும் திருவொற்றியூரிலும் கரையோரமாகக் குடியிருந்தவர்களுக்கு அது எப்படித் தெரிந்திருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. மறுநாள் முதல் பல்லாயிரம் பேர் மூட்டை முடிச்சுகளுடன் பட்டணத்தை விட்டுப் புறப்பட்டார்கள்.

இங்கே ஒன்றைக் குறித்துக்கொள்ள வேண்டும். அன்றைக்குச் சென்னைவாசிகள் எம்டனைப் பார்த்து ஆனந்தக் கூத்தாடவில்லை, பயந்தார்கள். எம்டன் சுட்டது வெள்ளைக்காரரின் எண்ணெயை என்றாலும், குண்டு கறுப்பு வெள்ளை பார்த்து விழுவதில்லை. இறந்தவர் தொகை மிகச் சிறியதுதான். ஆனால் அந்தச் சிலருக்கும் வீடு இருந்தது, வீட்டில் காத்திருந்தவர்கள் இருந்தார்கள். எம்டனின் பெயர் தமிழ் நாட்டில் குழந்தைக்கும் தெரியும். அன்றிரவு இறந்தவர்களில் ஒருவர் பெயராவது நமக்குத் தெரியுமா? கதை வளரும்போது முதலில் மறைகிறவர்கள் இவர்களே.

தோல்வி

சென்னையிலிருந்து எம்டன் தெற்கே சென்று இலங்கையைச் சுற்றியது. கொழும்புக்கு வெளியே, காவல் கப்பல்களின் மூக்கின் கீழேயே, மேலும் வணிகக் கப்பல்களைப் பிடித்தது. பிறகு டீகோ கார்சியா என்னும் சின்னஞ்சிறு தீவுக்குப் போயிற்று. அந்தத் தீவோ பிரிட்டிஷாருடையது. ஆனால் ஐரோப்பாவில் யுத்தம் மூண்ட செய்தியே அதுவரை அங்கு எட்டவில்லை! தீவுவாசிகள் விருந்தாளிகளை உபசரித்து அனுப்பினார்கள். காப்டன் முல்லரும் அவர்களுடைய மோட்டார்ப் படகைப் பழுது பார்த்துக் கொடுத்துவிட்டு, வாயைத் திறக்காமல் விடைபெற்றார். அக்டோபர் 28-ந் தேதி விடியற்காலையில் பினாங்குத் துறைமுகத்துக்குள்ளேயே நுழைந்து ஒரு ருஷ்யப் போர்க்கப்பலையும், வெளியே வரும்போது ஒரு பிரெஞ்சுப் போர்க்கப்பலையும் மூழ்கடித்தார்.

நவம்பர் 9-ந் தேதி கோகோஸ் தீவுகளுக்கு வந்தார். அங்கிருந்த கம்பியில்லாத் தந்தி நிலையத்தையும் கடலடித் தந்திக் கம்பிகளையும் துண்டிப்பது நோக்கம். அதற்காகச் சுமார் 50 பேரைக் கரையில் இறக்கினார். ஆனால் நிலையத்தில் இருந்தவர்கள் அதற்குள் 'அந்நியக் கப்பல் வந்திருக்கிறது' என்று செய்தி அனுப்பிவிட்டார்கள். ஆஸ்திரேலிய, நியூஜீலாந்துச் சிப்பாய்களை ஏற்றிக்கொண்டு அந்தப் பக்கமாகப் போய்க்கொண்டிருந்த கப்பல் கூட்டத்திலிருந்து ஒரு போர்க்கப்பல் பிரிந்து வந்தது. அது எம்டனை விடப் பெரியது, வேகம் அதிகம், பீரங்கிகளும் பெரியவை. முதலில் எம்டன் சுட்ட குண்டுகள் பட்டன. பிறகு தூரத்தில் நின்றே எதிரி அடித்த அடியில் எம்டனின் புகைப்போக்கிகளும் கொடிமரமும் விழுந்தன. கப்பல் மூழ்காதிருக்க வேண்டிக் காப்டன் முல்லர் அதைப் பவளப் பாறையின் மேல் ஏற்றினார். 130 பேருக்கு மேல் மாண்டார்கள். எதிர்த்த கப்பலில் இறந்தவர்கள் நான்கு பேர். யுத்தக் கணக்கு எழுதுகிறவர்களுக்கு இதில் சந்தேகத்துக்கு இடமே இல்லை. எம்டன் தோற்றது, முழுத் தோல்வி.

இப்போது நேயர்களை ஒரு கேள்வி கேட்கிறோம். எம்டனைத் தோற்கடித்த கப்பலின் பெயர் என்ன?

பத்துப் பேரில் ஒன்பது பேர் விழிப்பார்கள். 'சிட்னி' என்பது அதன் பெயர். ஜயித்த கப்பலின் பெயர் அதன் சொந்த நாட்டில் இருக்கிறது. தோற்ற கப்பலின் பெயரோ மூன்று நான்கு நாடுகளில் இருக்கிறது. ஜெர்மன் சக்கரவர்த்தி கப்பலுக்கே இரும்புச் சிலுவை விருது அளித்தார். உயிர் தப்பிய மாலுமிகள் தங்கள் குடும்பப் பெயரோடு 'எம்டன்' என்பதைச் சேர்த்துக்கொள்ளும் உரிமை பெற்றார்கள். பின்னால் வந்த ஜெர்மானியப் போர்க்கப்பல்கள் பல அந்தப் பெயரைத் தாங்கின. ஜயித்த ஆஸ்திரேலியரோ எம்டனின் பீரங்கி ஒன்றைக் கொண்டுபோய்ச் சிட்னி நகரத்துப் பூங்காவில் வைத்து இன்றளவும் காப்பாற்றி வருகிறார்கள். மலையாளத்தில் பிரம்மாண்டமானதை 'எமண்டன்' என்கிறார்களே, அதுவும் இந்தக் கப்பல் பெயர்தான் என்று கூறுவார் உண்டு.

தோற்றவனை ஏன் பாடுகிறார்கள்?

இது நமக்குப் புதிதல்ல. பாரத யுத்தத்தில் ஜயித்தவர்கள் பாண்டவர்கள். ஆனால் தொண்டை மண்டலத்துக் கிராமங்களில் விடிய விடியத் தெருக்கூத்து ஆடும்போது, ஜனங்கள் கண் கொட்டாமல் உட்கார்ந்திருப்பது கர்ண மோட்சத்துக்கு. சக்கர வியூகத்தில் தன்னந்தனியாக நுழைந்து வெளியே வர வழி தெரியாமல் மாண்ட அபிமன்யுவுக்காகத் தாய்மார்கள் இன்னும் கண்ணீர் விடுகிறார்கள். பாஞ்சாலங்குறிச்சியும் அப்படியே. 1799 அக்டோபர் 16-ந் தேதி கயத்தாற்றில் கட்டபொம்மனைத் தூக்கிலிட்டார்கள். 1801-இல் ஊமைத்துரை மீண்டும் எழுப்பிய கோட்டையையும் பிடித்துத் தரைமட்டமாக்கினார்கள். ஜயித்த தளபதிகளின் பெயர் சரித்திர மாணாக்கர்களின் பரீட்சைக்கு மாத்திரம் உதவுகிறது. தோற்றவனுடைய பெயர் கும்மியில் ஏறிற்று, கூத்தில் ஏறிற்று, 1959-இல் சினிமாத் திரையிலும் ஏறி முழங்கிற்று.

எம்டன் கதையை இவற்றோடு வைத்துப் பார்த்தால் பொதுவான சில அம்சங்கள் தெரிகின்றன.

முதலாவது, தனிமை. பல கப்பல்கள் வலை வீசித் தேட, ஒன்று மட்டும் தப்பித் தப்பிப் போவதைக் கேட்கும்போது, கேட்கிறவன் மனம் தானாக அந்த ஒன்றின் பக்கம் சாய்ந்துவிடுகிறது. இரண்டாவது, முறை தவறாமை. காப்டன் முல்லர் ஒரு வணிகக் கப்பலை மூழ்கடிக்கும் முன்பு அதிலிருந்தவர்களை இறக்கிக்கொள்வார். பிடித்த கப்பல்களில் ஒன்றை விட்டுவைத்து, அதில் அவர்களை ஏற்றிப் பத்திரமாக அனுப்புவார். ஆகவே அவரைத் திட்ட வேண்டிய இங்கிலீஷ் பத்திரிகைகளே அவரை மெச்சி எழுத நேர்ந்தது. சரணடைந்த பிறகு அவருடைய உடைவாளை அவரே வைத்துக்கொள்ள அனுமதித்தார்கள். எதிரி வாயால் வரும் சர்ட்டிபிகேட்டுக்கு மதிப்பு அதிகம் அல்லவா?

மூன்றாவது, கதை சொல்ல ஆள் மிஞ்சுவது. கோகோஸ் தீவில் இறங்கிய 50 பேர் கரையில் நின்று தங்கள் கப்பல் அடிபடுவதைப் பார்த்தார்கள். அவர்களின் தலைவர் ஹெல்முத் வான் முக்கே. அங்கிருந்த 'ஆயிஷா' என்னும் பழைய பாய்மரக் கப்பலைக் கைப்பற்றி, சுமத்ராவுக்குப் போய், அங்கிருந்து வேறு கப்பலில் அரபு நாட்டுக் கரையேறி, பாலைவனத்தில் சண்டையிட்டு, 1915 மே மாதத்தில் கான்ஸ்டான்டிநோபிள் போய்ச் சேர்ந்தார்கள். முக்கே சும்மா இருக்கவில்லை. கையோடு இரண்டு புத்தகங்கள் எழுதினார். கப்பல் உடைந்த ஒரு வருஷத்திற்குள் அது புத்தகத்தில் மிதக்க ஆரம்பித்துவிட்டது.

ஜெர்மனிக்கு இந்த மூன்று காரணங்களும் போதும். தமிழ் நாட்டுக்குப் போதுமா? எம்டன் நம்முடைய கப்பல் அல்ல. நமக்காக அது சுடவும் இல்லை. ஊரைக் கலவரப்படுத்திய பிறத்தியார் கப்பல், நம் பாஷையில் ஏன் நிரந்தரமாக நங்கூரம் பாய்ச்ச வேண்டும்?

மேடையும் திண்ணையும்

அக்காலத்தில் சென்னையில் ஒரு மனிதர் இருந்தார். கப்பல் என்றால் என்ன, கப்பலில் தோற்பது என்றால் என்ன என்பதை அவரை விட நன்றாக அறிந்தவர் தமிழ் நாட்டில் இல்லை. வ. உ. சிதம்பரம் பிள்ளை அவர்களைத்தான் சொல்கிறோம். 1906-இல் தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் கம்பெனியை ஸ்தாபித்து, 'காலியா', 'லாவோ' என்ற கப்பல்களைக் கொழும்புக்கு ஓட்டியவர். எதிரே நின்றது பிரிட்டிஷ் இந்தியா கப்பல் கம்பெனி. அதன் பின்னே நின்றது சர்க்கார். 1908-இல் அவரைச் சிறையில் தள்ளினார்கள். அவர் சிறையில் செக்கிழுத்துக் கொண்டிருந்தபோதே, 1911-இல், கம்பெனி கலைக்கப்பட்டது. 1912 டிசம்பரில் விடுதலையானவர் சென்னையில் குடியேறி வறுமையோடு போராடினார்.

பிரிட்டிஷார் சமுத்திர ராஜர்கள். அவர்களோடு கடலில் மோதி ஒருவனும் பிழைக்க முடியாது: தூத்துக்குடித் தோல்வி ஜனங்களுக்குக் கற்பித்த பாடம் இதுதான். அந்தப் பாடத்தின் மேல்தான் 1914-இல் எம்டன் வந்து குண்டு போட்டது. சமுத்திர ராஜருடைய வீட்டு வாசலிலேயே, அவருடைய விளக்கு வெளிச்சத்திலேயே, ஒற்றைக் கப்பல் வந்து சுட்டுவிட்டுச் சிராய்ப்புக் கூட இல்லாமல் போய்விட்டது. பயந்து ஓடியவர்கள் சில வாரங்களில் திரும்பி வந்தார்கள். அவர்களோடு ஒரு புதிய எண்ணமும் திரும்பி வந்தது. 'இவர்களையும் அசைக்கலாம் போலிருக்கிறதே!' என்பது அது.

ஆனால் அந்த எண்ணத்தை வாய் விட்டுச் சொல்ல முடியுமா? ராஜத் துவேஷச் சட்டம் கத்தி போல் தொங்கிக் கொண்டிருந்தது. மூன்றே மாதத்தில், 1914 டிசம்பரில், அதே சென்னையில் காங்கிரஸ் மகாசபை கூடிற்று. பூபேந்திரநாத் போஸ் அக்கிராசனம் வகித்தார். கவர்னர் பென்ட்லண்டு பிரபுவே பந்தலுக்கு விஜயம் செய்தார். சபை ராஜ விசுவாசத்தைத் தெரிவித்துத் தீர்மானம் நிறைவேற்றிற்று. அன்றைய தலைவர்களை இதற்காகக் குறை சொல்லிப் பயனில்லை. மேடையில் அப்பொழுது பேசக் கூடியது அவ்வளவுதான்.

மேடையில் பேச முடியாததைத் திண்ணை எப்படியோ பேசிவிடும். அதற்கு வேண்டியது ஒரே ஒரு சொல். 'எம்டன்' என்று சொன்னால் போலீஸார் என்ன செய்ய முடியும்? அண்ணன் தம்பியைத் திட்டுகிறான் என்று சொல்லித் தப்பித்துக்கொள்ளலாம். பெரியவனை ஏமாற்றிய சின்னவன், அகப்படாமல் விளையாடியவன், பயப்பட வைத்தவன், ஆனாலும் நல்லவன் என்று நாலு பக்கம் பிரசங்கம் செய்ய வேண்டிய விஷயத்தை நாலு எழுத்தில் அடக்கி வீட்டுக்குள் கொண்டுவந்து வைத்துக் கொண்டார்கள். கோகோஸ் தீவில் எம்டன் தோற்ற சேதி வந்தபோது அந்தச் சொல் அழியாததற்குக் காரணம் இதுவே என்று ஊகிக்கிறோம். அந்தச் சொல்லில் இருந்தது ஜெர்மனியின் ஜயம் அல்ல. நம்முடைய சொல்ல முடியாத ஆசை. ஜெர்மனி தோற்றால் அதற்கென்ன?

தோல்வியைக் கதையாக்குகிறவன் தோற்றவன் மட்டும் அல்லன் என்று இதனால் தெரிகிறது. கேட்கிறவனும் சேர்ந்துதான் ஆக்குகிறான். தன் வீட்டில் வைக்க இடமில்லாத பொருளை அடுத்தவன் வீட்டுப் பரணில் பத்திரப்படுத்துவது போல, தன் மனத்தில் பூட்டிய எண்ணத்தை அந்தத் தோல்விக்குள் வைத்துவிடுகிறான்.

இல்லாத பிரயாணி

வைத்த பொருள் ஒன்றோடு நிற்பதில்லை. எம்டன் கதையில் பிற்பாடு ஒரு புதிய பாத்திரம் சேர்ந்தது. அன்றிரவு அக்கப்பலில் செண்பகராமன் பிள்ளை இருந்தார் என்றும், அவர் சொல்லித்தான் சென்னை மீது குண்டு விழுந்தது என்றும் பலர் எழுதியும் பேசியும் வருகிறார்கள். கேட்க இனிமையாகத்தான் இருக்கிறது. பிறத்தியார் கப்பல் அதனால் நம்முடைய கப்பலாகிவிடுகிறது அல்லவா?

ஆனால் உண்மை வேறு. 1914 செப்டம்பரில் செண்பகராமன் ஸ்விட்ஜர்லாந்தில் ஜூரிச் நகரத்தில் இருந்து, இந்திய விடுதலைக்காகச் சங்கம் அமைத்துக் கொண்டிருந்தார். அக்டோபரில் பெர்லினுக்குப் போனார். சீனக் கடலிலிருந்து புறப்பட்ட கப்பலில் அவர் ஏறியிருக்க வழியில்லை.

இதைச் சொல்வதால் அவருடைய பெருமை குறைந்துவிடுமா? திருவனந்தபுரத்தில் 1891-இல் பிறந்த பிள்ளை, பதினாறு பதினேழு வயதிலேயே கடல் கடந்து போனார். 1915 டிசம்பரில் காபூலில் ராஜா மகேந்திர பிரதாப் தலைமையில் ஏற்பட்ட தற்காலிக சுதந்திர இந்திய அரசாங்கத்தில் வெளிநாட்டு மந்திரியாக நியமிக்கப்பட்டார். 1934 மே மாதத்தில் பெர்லினில் காலமானார். அவருடைய மனைவியார் லட்சுமிபாய் அஸ்தியை முப்பது வருஷங்களுக்கு மேல் காப்பாற்றி வைத்திருந்தார். 1966-இல், சுதந்திர இந்தியாவின் 'டில்லி' என்னும் போர்க்கப்பல் அந்த அஸ்தியைத் தாய்நாட்டுக்கு ஏற்றி வந்தது.

அவர் போர்க்கப்பலில் வந்தார் என்று கதை கட்டியவர்கள், அவர் உண்மையாகவே போர்க்கப்பலில் வந்ததை மறந்துவிட்டார்கள். அந்நியக் கொடி பறந்த கப்பலில் அல்ல. நம் கொடி பறந்த கப்பலில். கட்டுக் கதையை விட உண்மை நெஞ்சை உருக்குகிற சந்தர்ப்பங்கள் உண்டு. இது அவற்றில் ஒன்று.

கதை பெறாத தோல்விகள்

எல்லாத் தோல்விக்கும் இந்த அதிர்ஷ்டம் கிடைப்பதில்லை. 1943 அக்டோபரில் ஜப்பானிய விமானம் ஒன்று வந்து இதே சென்னைத் துறைமுகத்தின் மேல் குண்டு போட்டது. அது எந்தப் பாஷையில் என்ன சொல்லாயிற்று? ஒன்றும் இல்லை. வந்தவன் முகம் தெரியாது, பெயர் தெரியாது, கதை சொல்ல ஆள் இல்லை. மேலும் அப்போது ஜனங்களுக்கு மறைமொழி தேவைப்படவில்லை. 'வெளியேறு' என்று வெளிப்படையாகவே சொல்லப் பழகியிருந்தார்கள்.

இன்னொன்று நம் மனத்தை அதிகமாக உறுத்துகிறது. ராயபுரத்துக்கு மேற்கே, பெரம்பூர்ப் பக்கத்தில், பக்கிங்காம் கர்நாடிக் ஆலைகள் இருந்தன, 1996-இல் மூடப்பட்டன. இந்தியாவின் ஆதித் தொழிற்சங்கங்களில் ஒன்றாகிய சென்னைத் தொழிலாளர் சங்கம் 1918 ஏப்ரலில் அந்த ஆலைத் தொழிலாளர்களுக்காகத்தான் தோன்றிற்று. 1921-இல் அவர்கள் மாதக் கணக்கில் வேலை நிறுத்தம் செய்தார்கள். துப்பாக்கிப் பிரயோகம் நடந்தது, உயிர்கள் போயின. முடிவில் தோற்று, வேலைக்குத் திரும்பினார்கள். எம்டன் மாலுமிகளுக்குக் குறையாத தைரியம் அவர்களுக்கும் இருந்தது. எதிரியும் அற்ப எதிரி அல்லன். இருந்தும் அந்தத் தோல்வி ஊர் முழுவதும் பேசும் கதையாகவில்லை. தொழிற்சங்கத்தாரும் சரித்திரக்காரர்களும் நினைவில் வைத்திருக்கிறார்கள். வீட்டுப் பாஷையில் அது ஒரு சொல்லையும் விட்டுப் போகவில்லை.

காரணம் சிந்திக்கத் தக்கது. அந்த வேலை நிறுத்தத்தின் நடுவே தொழிலாளர்கள் ஜாதி வாரியாகப் பிரிந்து போனார்கள். ஆதி திராவிடர் ஒரு புறம், மற்றவர்கள் ஒரு புறம் என்று பேட்டைகளில் கலகம் மூண்டது, குடிசைகள் எரிந்தன. எதிரியால் உண்டான காயத்தைப் பாட்டாகப் பாடலாம். ஒருவருக்கொருவர் உண்டாக்கிக் கொண்ட காயத்தை எந்தப் பாட்டில் வைப்பது? இரு தரத்தாரும் வாயை மூடிக் கொண்டார்கள். தோற்ற பிறகும் 'நாம்' என்று சொல்லிக்கொள்ள ஒரு கூட்டம் மிஞ்ச வேண்டும். மிஞ்சினால் தோல்வி காவியமாகும். மிஞ்சாவிட்டால் அது வெறும் வடு.

வ. உ. சி. அவர்களுக்கு அந்தக் கூட்டம் தாமதமாகவேனும் வந்து சேர்ந்தது. 1936-இல் அவர் காலமானபோது நாடு அவரைப் பெரும்பாலும் மறந்திருந்தது. பிறகு ம. பொ. சிவஞானம் அவர்கள் எழுதிய சரித்திரத்தின் மூலம் 'கப்பலோட்டிய தமிழன்' என்ற பெயர் நாடெங்கும் பரவிற்று. 1961-இல் அதே பெயரில் படம் வந்தது. 2011-இல் தூத்துக்குடித் துறைமுகத்துக்கே அவருடைய பெயரைச் சூட்டினார்கள். அவரை நசுக்கிய கம்பெனியின் பெயரில் துறைமுகம் ஏதும் இருப்பதாக நாம் கேள்விப்படவில்லை.

கதையும் கணக்கும்

ஆகவே, தோற்றவர்களின் கதையைச் சொல்லிக் கொண்டே இருக்க வேண்டியதுதான். அது ஒரு ஜன சமூகத்தின் சேமிப்பு. கஷ்ட காலத்தில் எடுத்துச் செலவழிக்க உதவும். ஆனால் சேமிப்புக்குக் கணக்கும் வேண்டும். கதையில் ஏறியது எது, உண்மையில் நடந்தது எது என்று ஒரு பக்கமாகக் குறித்து வைத்துக்கொள்ள வேண்டும். கணக்கு இல்லாவிட்டால் ஜூரிச்சில் இருந்தவரைக் கப்பலில் ஏற்றிவிடுவோம். துறைமுகத்தில் இறந்தவரைக் கதையிலிருந்தே இறக்கிவிடுவோம்.

இன்று ராயபுரத்திலிருந்து எண்ணூர் வரை போகிறவர்கள் மீன்பிடித் துறைமுகத்தையும் எண்ணெய்த் தொட்டிகளையும் லாரி வரிசைகளையும் பார்க்கலாம். எண்ணூரிலே 2001-இல் திறந்த புதிய துறைமுகத்தையும் பார்க்கலாம். எம்டன் வந்ததற்கு அடையாளம் வேண்டுமானால் ஹைகோர்ட்டு மதிலண்டை போக வேண்டும். அந்தக் கல்லைக் குழந்தைகளுக்குக் காட்டுங்கள். ஒரு கப்பல் வந்து சுட்டதையும், பின்பு அது தோற்றதையும், அதை நம் முன்னோர் ஏன் மறக்கவில்லை என்பதையும் சொல்லுங்கள். அப்படியே அன்றிரவு இறந்தவர்களையும் ஒரு வார்த்தை சேர்த்துக்கொள்ளுங்கள்.

'எம்டன் என்றால் அப்பாதானே?' என்று குழந்தை கேட்டால், அதற்கு மாத்திரம் நாம் பொறுப்பாளி அல்ல.